எருமை மேய்ந்த இடத்தில் கிரேக்கக் கோயில்

வாசகர் கேள்வி – பதில்

போன இதழில் நேபிள்ஸ் பயணத்தைப் பற்றி நாலு வரி எழுதியிருந்தேன். அதில் பெஸ்தும் என்ற ஊரின் பெயரை மட்டும் சொல்லிவிட்டு நகர்ந்துவிட்டேன். வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் அந்த ஒரு பெயரைப் பற்றியே கேட்கின்றன. ஆகவே இந்த முறை பக்கம் முழுவதும் பெஸ்துமுக்குத்தான்.

கேள்வி: மே மாதம் நாங்கள் மூன்று தம்பதிகள் இத்தாலி போகிறோம். நேபிள்ஸில் நான்கு நாள் தங்கல். என் கணவருக்குப் பழைய கோயில் என்றால் உயிர். எனக்கோ எந்த ஊர் போனாலும் அந்த ஊர்ச் சாப்பாட்டை அங்கேயே உட்கார்ந்து சாப்பிட வேண்டும். பாம்பேய், அமால்ஃபி, பெஸ்தும் மூன்றையும் ஒரே நாளில் முடித்துத் தருவதாக ஏஜென்ட் சொல்கிறார். இத்தாலியில் கிரேக்கக் கோயில் எப்படி வந்தது? அதற்கு ஒரு முழு நாள் தகுமா?
– வாசகி, செம்பூர்

பதில்: முதலில் அந்த ஏஜென்டிடம் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள், அம்மா. பாம்பேய்க்கே ஒரு நாள் போதாது. அமால்ஃபி மலைச்சாலையில் மே மாதம் வண்டிகள் ஊர்ந்துதான் போகும். கடைசியில் மிஞ்சுகிற அரைமணியில் பெஸ்துமைக் காட்டி முடித்துவிடுவார்கள்.

எனக்கு அப்படித்தான் நடந்தது. 2017-இல் ஒரு டூர் கம்பெனியோடு 42 பேர் பஸ்ஸில் போனோம். பெஸ்துமில் இறக்கிவிட்டு 35 நிமிஷம் கொடுத்தார்கள். அதில் பத்து நிமிஷம் கழிப்பறை வரிசையில் போயிற்று. ஒரு கோயிலைச் சுற்றி முடிப்பதற்குள் விசில். பிறகு ஒன்றரை மணி நேரம் பஸ்ஸில் கூட்டிப்போய் பன்னீர் பட்டர் மசாலாவும் ஜீரா ரைஸும் போட்டார்கள். பஸ் ஜன்னல் வழியாக, கரேலென்று சேற்றில் படுத்திருந்த எருமைகளைப் பார்த்தேன். மும்பையின் ஆரே காலனியைத் தாண்டிப் போகும்போது பார்க்கிற அதே உடம்பு, அதே சோம்பல். இங்கே இதற்கு என்ன வேலை என்று கைடிடம் கேட்டேன். அவருக்கு நேரமில்லை. அந்தக் கேள்வி ஏழு வருஷம் மனத்தில் கிடந்தது. 2024 மே மாதம் எதிர் ஃப்ளாட் மாமா, மாமி, என் தங்கை, தங்கை கணவர், என்னோடு பாங்கில் வேலை பார்த்த தோழி, நான் என்று ஆறு பேர் மறுபடி போனோம். அந்த ஒரு நாளுக்காகவே நேபிள்ஸில் ஒரு ராத்திரி கூடுதலாகத் தங்கினோம்.

கிரேக்கக் கோயில் இத்தாலியில் எப்படி என்று கேட்டீர்கள். திருநெல்வேலிக்காரர் தாராவிக்கும் பாலக்காட்டுக்காரர் மாதுங்காவுக்கும் வந்த மாதிரிதான். கிரேக்க நாட்டில் விளைநிலம் கொஞ்சம், ஆள் அதிகம். கப்பலேறித் தெற்கு இத்தாலியின் கரையெங்கும் குடியேறினார்கள். அப்படி வந்தவர்கள் கட்டிய ஊர்களில் ஒன்று சிபாரிஸ். அங்கிருந்து இன்னொரு கூட்டம் கிளம்பி, சுமார் கி.மு. 600-இல் மேற்குக் கடலோரச் சமவெளியில் ஓர் ஊர் போட்டது. கடல் தெய்வம் போசைடனின் பெயரால் அதற்குப் போசைடோனியா என்று பெயர். ஊர் விட்டு வந்தவர்கள் இங்கே நாம் செய்தது போலவே, கை ஊன்றியதும் கோயிலில் இறங்கினார்கள். முதல் கோயில் கி.மு. 550 வாக்கில், ஹேரா தேவிக்கு. அடுத்து கி.மு. 500 வாக்கில் அதீனாவுக்கு. மூன்றாவது, கி.மு. 460-ஐ ஒட்டி, மறுபடி ஹேராவுக்கு என்று சொல்லப்படுவது. மூன்றும் இன்று நிற்கின்றன. கூரை இல்லை. தூண்கள் இருக்கின்றன, தூண்களின் மேல் உத்தரக் கற்கள் இருக்கின்றன, மூன்றாவதில் முகப்பின் முக்கோணம்கூட அப்படியே இருக்கிறது.

பின்னால் மலைநாட்டு லுகானியர்கள் ஊரைப் பிடித்தார்கள். கி.மு. 273-இல் ரோமானியர்கள் வந்து பெஸ்தும் என்று பெயர் மாற்றினார்கள். இவ்வளவும் எந்தப் புத்தகத்திலும் கிடைக்கும். நான் சொல்ல விரும்புவது அதற்குப் பிறகு நடந்ததை.

ஊரை ஒட்டி ஓடிய ஆறு மண்ணடித்துப் போனது. வடிய வழியில்லாமல் தண்ணீர் வயலிலும் தெருவிலும் தேங்கியது. சமவெளி சதுப்பாயிற்று, சதுப்பில் கொசு, கொசுவோடு மலேரியா. கடலிலிருந்து கொள்ளைக்காரர்களும் வந்தார்கள். மிச்சமிருந்த ஜனங்கள் மூட்டை கட்டிக்கொண்டு மலைமேல் கப்பாச்சியோவுக்கு ஏறிவிட்டார்கள். பிறகு பல நூறு வருஷம் அங்கே யாரும் ஊர் கட்டவில்லை. உயிருள்ள ஊராக இருந்திருந்தால் அந்தக் கற்கள் என்ன ஆகியிருக்கும்? வீட்டுச் சுவராகவும் பாலமாகவும் மாதா கோயிலாகவும் போயிருக்கும். சலேர்னோ பேராலயத்துக்குக் கொஞ்சம் கல் போகத்தான் செய்தது. மற்றதைக் காய்ச்சல் காத்தது.

ஆளுக்கு ஆகாத அந்தச் சதுப்பு எருமைக்கு ஆகி வந்தது. அகலக் குளம்பு, சேற்றில் புதையாத கால், வெயிலில் முங்கிக் கிடக்கத் தண்ணீர். மாட்டுக்குக் கொடுக்க முடியாத நிலத்தை எருமைக்குக் கொடுத்தார்கள். ஜெர்மன் கவிஞர் கோதே 1787-இல் பெஸ்துமுக்கு வந்தபோது வழியில் எருமைகளைப் பார்த்து நீர்யானை மாதிரி இருக்கின்றன, கண் ரத்தச் சிவப்பு என்று எழுதி வைத்தார். அதே நாளில் கோயிலைப் பார்த்தார். முதலில் அந்தக் குட்டைத் தூண்கள் பயமுறுத்தின, ஒரு மணி நேரத்துக்குள் மனம் ஒத்துப்போயிற்று என்றார். 20-ஆம் நூற்றாண்டில் சதுப்பை வடித்து வயலாக்கினார்கள். எருமை போகவில்லை. அதன் பாலில் செய்கிற மொசரெல்லா சீஸ்தான் இன்று அந்தப் பக்கத்தின் பேர் சொல்லும் சரக்கு.

ஆகவே கோயிலும் சாப்பாடும் அங்கே இரண்டு தனி விஷயங்கள் இல்லை, அம்மா. இரண்டையும் கொடுத்தது ஒரே சேறு. உங்கள் கணவரின் ஆசையும் உங்கள் ஆசையும் ஒரே இடத்தில் தீரும். அதற்கு ஒரு நாள் தகும்.

நாங்கள் செய்ததை அப்படியே சொல்கிறேன். காலை ஏழு மணிவாக்கில் நேபிள்ஸ் சென்ட்ரலில் லோக்கல் மாதிரியான ரயிலைப் பிடித்தோம். பெஸ்தும் ஸ்டேஷனுக்கு ஒன்றேகால் முதல் ஒன்றரை மணி. சில வண்டிகளுக்குச் சலேர்னோவில் மாற வேண்டும். காகித டிக்கெட் வாங்கினால் ஏறுமுன் பிளாட்பாரத்து மெஷினில் தேதி குத்திக்கொள்ளுங்கள். குத்தாத டிக்கெட்டுக்கு அபராதம் உண்டு. அங்கே ரயில் வேலைநிறுத்தம் அடிக்கடி வரும், முன்கூட்டியே அறிவித்துவிடுவார்கள், ஆகவே முதல் நாள் ராத்திரி ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

முதலில் பண்ணை, பிறகுதான் கோயில். இதை மாற்றாதீர்கள். மொசரெல்லா விடியற்காலையில் ஆரம்பித்து முற்பகலோடு முடிகிற வேலை. மதியத்துக்கு மேல் போனால் கழுவி விட்ட தரையைத்தான் பார்ப்பீர்கள். பெஸ்துமைச் சுற்றிப் பல எருமைப் பண்ணைகள் வெளியாரை அனுமதிக்கின்றன. முன்பே எழுதிக் கேட்டுக்கொள்ள வேண்டும். குட்டி ஸ்டேஷன் அது, வாசலில் டாக்ஸி காத்திருக்காது. நாங்கள் தங்கிய விடுதிக்காரம்மாவிடம் சொல்லி ஒன்பது பேர் வண்டி ஒன்றை அரை நாளைக்குப் பேசி வைத்திருந்தோம்.

உள்ளே நுழைந்ததும் வாசனை பழகினதாக இருந்தது. என் சின்ன வயதில் ஜோகேஸ்வரியில் பெரியப்பா வீட்டுக்குப் பின்னால் தபேலா, அதாவது எருமைக் கொட்டகை, இருந்தது. வைக்கோல், சாணி, சூடான பால் மூன்றும் கலந்த அதே வாசனை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் வேலை நடந்தது. பாலை உறைய வைத்துக் கட்டியாக்கி, துண்டு போட்டு, புளிக்க விட்டு, பிறகு கொதிக்கிற தண்ணீரை ஊற்றுகிறார்கள். மரக்கழியால் தூக்கித் தூக்கி இழுக்க, அது ஜவ்வு மிட்டாய் போல் பளபளவென்று நீள்கிறது. ஒருவர் அதை உருட்டிப் பிடிக்க, இன்னொருவர் கட்டை விரலையும் ஆள்காட்டி விரலையும் வைத்து நறுக்கென்று கிள்ளி எடுக்கிறார். கொழுக்கட்டைக்கு மாவு கிள்ளுகிற கை அது. கிள்ளி அறுப்பதற்கு இத்தாலிய மொழியில் மொஸாரே என்பார்கள். அதிலிருந்துதான் பெயரே வந்தது.

எதிர் ஃப்ளாட் மாமா சாப்பிட்டார். தட்டில் வைத்து வெட்டியதும் உள்ளிருந்து பால் வடிந்தது, வெங்காயம் போல ஏடு ஏடாகப் பிரிந்தது. பீட்ஸாவின் மேல் ரப்பராக இழுபடுகிற பொருளுக்கும் இதற்கும் பெயர் மட்டும்தான் ஒன்று. அன்று செய்ததை அன்றே, ஃப்ரிட்ஜில் வைக்காமல் சாப்பிட வேண்டும் என்று பண்ணைக்காரர் சைகையிலேயே கண்டிப்பாகச் சொன்னார். மும்பைக்கு எடுத்துப் போகலாமா என்று தங்கை கணவர் கேட்டதற்கு அவர் முகம் போன போக்கு இன்னும் கண்ணில் நிற்கிறது.

ஒன்று சொல்ல மறந்தேன். பாலுக்கான ஆற்றெருமையை முதலில் பழக்கியது நம் துணைக்கண்டத்து மனிதர்கள். அது இத்தாலிக்கு எப்போது, யார் கையால் போயிற்று என்பதற்குப் பல கதைகள் சொல்கிறார்கள். எப்படிப் போனாலும் வேர் இந்தப் பக்கம்தான். அந்தக் கொட்டகையில் நின்றபோது நம்மூர்ப் பெண்ணைத் தூரதேசத்துப் புக்ககத்தில் போய்ப் பார்ப்பது போல இருந்தது எனக்கு.

ஒரு மணிக்கு மதியச் சாப்பாடு, மூன்று மணிக்குமேல் கோயில். கூட்டமாக வந்த பஸ்களெல்லாம் அதற்குள் கிளம்பிவிடும். வெயில் சாய்ந்து, கல் தேன் நிறத்துக்கு வரும். ஊரின் மேற்கே கடல், கோயில்கள் மூன்றும் நம் கோயில்களைப் போலக் கிழக்குப் பார்த்தவை. சூரியன் பின்னாலிருந்து இறங்கும்போது தூண்களின் நிழல் புல்லில் நீண்டு உங்கள் காலடிக்கு வரும். அதற்காகவாவது மாலைவரை இருங்கள்.

முதல் ஹேரா கோயிலில் முகப்புத் தூண்களை எண்ணிப் பாருங்கள். ஒன்பது. பக்கவாட்டில் பதினெட்டு. முகப்பில் ஒற்றைப்படை வந்ததால் நட்ட நடுவில் ஒரு தூண் வழியை மறித்து நிற்கிறது. உள்ளேயும் நடுவில் ஒரு வரிசை. கோயில் என்றால் நடுவில் வழி இருக்க வேண்டாமா என்று 18-ஆம் நூற்றாண்டு அறிஞர்கள் இதைக் கோயிலென்றே ஒப்பவில்லை, சபா மண்டபம் என்று பெயர் வைத்துவிட்டார்கள். தூணின் இடுப்புப் பகுதி புடைத்து, மேலே போகப்போகச் சிறுத்து, தலையில் பாரம் அழுத்திப் பிதுங்கின மெத்தை மாதிரி ஒரு கல். மும்பைக் கடலில் எலிபெண்டாத் தீவின் குகைக்கோயில் தூண்களின் உச்சியில் பார்க்கிறோமே, அதே மெத்தை. இரண்டுக்கும் நடுவே ஆயிரத்து நூறு வருஷம் இருக்கலாம், ஒன்றுக்கொன்று சம்பந்தமும் இல்லை. பாரத்தைத் தாங்குகிற கல் எப்படித் தோன்ற வேண்டும் என்று இரண்டு ஊர்ச் சிற்பிகளுக்கும் ஒரே எண்ணம் வந்திருக்கிறது. உங்கள் கணவரை முதலில் ஒரு ஞாயிற்றுக்கிழமை எலிபெண்டா போய்வரச் சொல்லுங்கள். அந்தக் கண்ணோடு போனால் பெஸ்தும் இரண்டு மடங்கு தெரியும்.

மூன்று தம்பதி, ஆறு பேர் என்பது சரியான எண்ணிக்கை. ஒரே மேஜை, ஒரே வண்டி, ஒருவர் நின்றால் மற்றவர் காத்திருக்கலாம். பொதுச் செலவுக்கு ஒரு பர்ஸ் வைத்து ஒருவர் கையில் கொடுங்கள். எங்களில் அது பாங்க் தோழி.

கேள்வி: நாங்கள் சுத்த சைவம், முட்டையும் கிடையாது. மொசரெல்லாவில் கன்றுக்குட்டியின் வயிற்றிலிருந்து எடுக்கும் ஏதோ ஒன்று சேர்க்கிறார்கள் என்று என் மருமகள் சொல்கிறாள். உண்மையா? அப்படியானால் அந்த ஊரில் நாங்கள் என்னதான் சாப்பிடுவது?
– வாசகர், டோம்பிவலி

பதில்: மருமகள் சொல்வது உண்மை. பாலை உறைய வைக்கும் அந்தப் பொருளுக்கு ரென்னெட் என்று பெயர், இத்தாலியில் காலியோ. 1996 முதல் ஐரோப்பிய ஒன்றியத்தின் பிறப்பிடப் பாதுகாப்பு முத்திரை பெற்ற காம்பானியா (நேபிள்ஸ் இருக்கும் மாநிலம்) எருமை மொசரெல்லாவுக்கு எழுதி வைத்த செய்முறை இருக்கிறது. அதில் கன்றின் ரென்னெட்தான் சொல்லப்பட்டிருக்கிறது. ஆகவே அது சுத்த சைவம் ஆகாது. இங்கே கடையில் பச்சைப் புள்ளியோடு விற்கும் மொசரெல்லா வேறு, அதற்கு நுண்ணுயிரிலிருந்து எடுத்த ரென்னெட் போடுகிறார்கள். இதைப் போவதற்கு முன்பே தெரிந்துகொள்வது நல்லது. எதிர் ஃப்ளாட் மாமியும் நானும் சாப்பிடவில்லை. ரிக்கோத்தா மட்டும் சாப்பிடலாமே என்று அங்கே சொல்வார்கள். அது மொசரெல்லா எடுத்த பிறகு மிஞ்சும் நீரில் செய்வது, ஆகவே அதற்கும் இதே கணக்குதான்.

ஆனால் பண்ணையில் எருமைத் தயிர் இருந்தது. கத்தி வைத்து வெட்டலாம் போன்ற கெட்டி. அதற்கு ரென்னெட் வேண்டாம், நம் வீட்டில் போல உறை ஊற்றுவதுதான். மாமி கைப்பையிலிருந்து நார்த்தங்காய் ஊறுகாய் டப்பாவை எடுத்தாள். இரண்டு பேரும் ஆளுக்கு இரண்டு கிண்ணம் சாப்பிட்டோம். எருமைப்பால் ஐஸ்கிரீமும் உண்டு. அதில் மட்டும் முட்டை சேர்த்தார்களா என்று ஒவ்வொரு ருசிக்கும் தனித்தனியாகக் கேளுங்கள்.

மதியச் சாப்பாட்டுக்கு நீங்கள் தேட வேண்டியது லகானே எ செச்சி. அகலமாக வெட்டிய பட்டைப் பாஸ்தாவும் கொண்டைக்கடலையும், பூண்டு, ஆலிவ் எண்ணெய், சில வீட்டில் ஒரு மிளகாய். அவ்வளவுதான். முட்டை சேர்க்காமல் கோதுமை மாவும் தண்ணீரும் விட்டுப் பிசைந்த பாஸ்தா அது. இருந்தாலும் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள். ரோமானியக் கவிஞர் ஹொரேஸ் வீட்டுக்குத் திரும்பி வெங்காயத்தாள் போன்ற லீக்கும் கொண்டைக்கடலையும் லகானமும் சாப்பிடப் போவதாக எழுதியிருக்கிறார். இரண்டாயிரம் வருஷப் பழைய மெனு. பக்கத்து மலையில் சிச்செராலே என்று ஓர் ஊர், பெயரே கடலையிலிருந்து வந்தது. அந்த ஊர்க் கடலை சின்னது, கொஞ்சம் செம்பொன் நிறம், வெந்தால் வாயில் கரையும். நம் சுண்டல் தெரிந்த நாக்குக்கு அந்தத் தட்டு உடனே புரிந்துவிடும்.

பிப்ரவரி முதல் மே வரை போனால் பெஸ்தும் ஆர்ட்டிசோக் கிடைக்கும். முள்ளில்லாத உருண்டை மொட்டு, தணலில் சுட்டு எண்ணெய் விட்டுத் தருவார்கள். காய்ந்த வெள்ளை அத்திப்பழம் எப்போதும் கிடைக்கும், மும்பைக்கு எடுத்து வரவும் ஏற்றது. காய்ந்த ரொட்டியைத் தண்ணீரில் நனைத்துத் தக்காளியும் எண்ணெயும் சேர்த்துத் தரும் அக்குவாசாலேயும் நன்றாக இருக்கும். உழைக்கிறவர்களின் சாப்பாடு, பழைய சோற்றின் தம்பி என்று வைத்துக்கொள்ளுங்கள்.

மறைந்திருக்கும் விஷயம் பன்றிக் கொழுப்பு, ஸ்த்ருத்தோ என்பார்கள். நேபிள்ஸில் டீக்கடைப் பிஸ்கட் மாதிரி விற்கும் மிளகுத் தராலியில் அது உண்டு. ஏடு ஏடாக இருக்கும் ஸ்ஃபோலியத்தெல்லா இனிப்பிலும் வழக்கமாக உண்டு. பார்த்தால் கோதுமைப் பலகாரம்தான் என்று தோன்றும். தக்காளிப் பாஸ்தாவில் நெத்திலி கரைத்திருப்பார்கள். ஆகவே "சென்ஸா கார்னே, சென்ஸா பெஷே, சென்ஸா ஸ்த்ருத்தோ, சென்ஸா உவோவா" என்று ஒரு துண்டுச் சீட்டில் இத்தாலிய எழுத்தில் எழுதி வைத்துக் காட்டுங்கள். இறைச்சி, மீன், பன்றிக் கொழுப்பு, முட்டை இல்லாமல் என்று அர்த்தம். அங்கே சமையல்காரர்கள் சீட்டைப் படித்துவிட்டு உள்ளிருந்து வெளியே வந்து பேசுவார்கள். எங்களிடம் வந்த பெண்மணி மாமியின் கையைப் பிடித்துக்கொண்டு அடுப்படிக்கே கூட்டிப்போய் எதில் என்ன இருக்கிறது என்று காட்டினாள். பஸ் நிறைய ஆட்களோடு போனால் இது நடக்காது.

கேள்வி: என் மாமியாருக்கு 71 வயது, முழங்கால் வலி. பெஸ்தும் ஏற்றமா?
– வாசகி, முலுண்ட்

பதில்: ஏற்றமே இல்லை. சமவெளி. ஸ்டேஷனிலிருந்து பழைய மதில் வாசல் வழியாகப் பத்துப் பதினைந்து நிமிஷம் நேராக நடந்தால் போதும். எலிபெண்டாப் படிகளில் பாதி ஏறக்கூடியவர் அங்கே தாராளமாகச் சமாளிப்பார். ரோமானியர் போட்ட கல்பாவிய தெருவில் மட்டும் கற்கள் மேலும் கீழுமாக இருக்கும், அதை விட்டுப் புல்லோரமாகக் கூட்டிப்போங்கள். நிழல் மிகக் குறைவு. குடை, தண்ணீர், மடக்கு நாற்காலி ஒன்று.

கேள்வி: மே 2026-க்கு விசா எப்போது போடுவது?
– வாசகர், காட்கோபர்

பதில்: பயண நாளுக்கு ஆறு மாதம் முன்பிருந்தே போடலாம், 15 நாளுக்குக் குறையக் கூடாது. மும்பையில் ஏப்ரல், மே அப்பாயின்ட்மென்ட்கள் சீக்கிரம் தீர்ந்துவிடும், பிப்ரவரியிலேயே போடுங்கள். மருத்துவக் காப்பீடு 30,000 யூரோவுக்குக் குறையாமல் இருக்க வேண்டும்.

கேள்வி: நான் கல்லூரியில் வரலாறு படிக்கிறேன். அத்தையோடு போகிறேன். பெஸ்தும் மியூசியத்தில் எனக்கு ஒரு மணி நேரம்தான் கிடைக்கும் என்றால் எதைப் பார்க்கட்டும்?
– மாணவி, தாராவி

பதில்: இரண்டே இரண்டு, கண்ணே. மற்றதை நடந்துகொண்டே பார்.

முதலாவது, நீரில் பாய்பவன் கல்லறை. 1968 ஜூன் 3-ஆம் தேதி ஊருக்குத் தெற்கே ஒன்றரைக் கிலோமீட்டர் தள்ளிக் கிடைத்தது. ஐந்து கல் பலகைகள், கி.மு. 480–470 வாக்கில் தீட்டியவை. நான்கு பக்கச் சுவரிலும் விருந்து. ஆண்கள் மஞ்சத்தில் சாய்ந்து மதுக் கிண்ணம் பிடித்திருக்கிறார்கள், ஒருவன் குழல் ஊதுகிறான், ஒருவன் கிண்ணத்தின் அடியில் மிஞ்சிய மதுவைச் சுண்டி எறிந்து விளையாடுகிறான். மூடிக் கல்லின் உட்புறம், அதாவது செத்தவனின் முகத்துக்கு நேர் மேலே, ஓர் இளைஞன் உயரத்திலிருந்து தண்ணீரை நோக்கிப் பாய்கிறான். தண்ணீரைத் தொடவில்லை, காற்றில் இருக்கிறான். அதன் முன் உட்காரப் பெஞ்ச் கிடைத்தால் பத்து நிமிஷம் உட்கார். நான் அரைமணி உட்கார்ந்தேன். என் கணவர் காலமான வருஷத்துக்கு அடுத்த வருஷம் அது, எனக்கு எழுந்திருக்க மனம் வரவில்லை.

இரண்டாவது, வெண்கலக் குடங்கள். 1954-இல் ஊரின் நடுவே மண்ணுக்கடியில் ஒரு சின்னக் கல்லறைக் கோயில் அகப்பட்டது, கி.மு. 6-ஆம் நூற்றாண்டினது. உள்ளே எட்டு வெண்கலக் குடங்கள். குடங்களில் பிசுபிசுவென்று ஆரஞ்சும் பழுப்புமாக ஏதோ ஒன்று. தோண்டியவர்கள் தேன் என்றார்கள். சோதித்தவர்கள் இல்லை, ஏதோ கொழுப்பு என்றார்கள். இந்த வழக்கு எழுபது வருஷம் நடந்தது. 2025-இல் ஆக்ஸ்போர்டு வேதியியலாளர்கள் புதிய கருவிகளில் மறுபடி சோதித்துத் தேன்தான் என்று காட்டினார்கள். பழைய தேனடையில் இருக்க வேண்டிய சர்க்கரைகளும் புரதங்களும் கிடைத்தன. 2,500 வருஷத்துக்கு முன் தெய்வத்துக்குப் படைத்த தேன். அபிஷேகத் தேன் கையில் வாங்கிப் பழகினவளுக்கு அந்தக் குடத்தின் முன் யாரும் விளக்கம் சொல்ல வேண்டியதில்லை.

வெளியே வந்தபின் நேரம் இருந்தால் மலைப்பக்கம் திரும்பிப் பார். கப்பாச்சியோ மலையில் ஒரு மாதா கோயில் இருக்கிறது. மாதாவின் கையில் மாதுளம்பழம். ஹேரா தேவியையும் இந்தப் பக்கத்தில் மாதுளையோடுதான் வடித்தார்கள். சதுப்புக்குப் பயந்து மலையேறிய ஜனங்கள் பழத்தை விடவில்லை.

கேள்வி: இத்தாலி எங்கள் பட்ஜெட்டுக்குள் இல்லை. ஓய்வு பெற்றவர்கள் எட்டுப் பேர் மாதம் ஒரு நாள் எங்காவது போய் வருகிறோம். கிரேக்கர் சம்பந்தமாக மும்பைப் பக்கத்தில் ஏதாவது உண்டா? சாப்பாடும் சொல்லுங்கள்.
– வாசகர், வாஷி

பதில்: கார்லே குகைக்குப் போங்கள். நான் பெஸ்தும் போய் வந்த பிறகு கார்லேக்கு இரண்டு முறை போனேன், இனியும் போவேன். லோனாவாலாவில் இறங்கி, புனே லோக்கலில் அடுத்த ஸ்டேஷனான மளவ்லி வரை போய், அங்கிருந்து ஆட்டோ. மலையில் படிகள் உண்டு, ஆகவே காலை எட்டரைக்குள் ஏறத் தொடங்குங்கள். வாசலிலேயே ஏகவீரா தேவி கோயில், மீனவர்களான கோளி ஜனங்களின் குலதெய்வம். சைத்ர மாதத் திருவிழாவில் கால் வைக்க இடம் இருக்காது, அந்த நாட்களைத் தவிர்த்துவிடுங்கள்.

குகைக்குள் பெரிய பௌத்தச் சைத்தியம், அதாவது வழிபாட்டுக் கூடம். தலைக்குமேல் வளைந்து ஓடுகிற மரச்சட்டங்கள் ஏறக்குறைய இரண்டாயிரம் வருஷப் பழையவை. இரு பக்கமும் எண்பட்டைத் தூண்கள். அந்தத் தூண்களில் பலவும் யாரோ ஒருவருடைய தானம். யார் கொடுத்தது என்று பிராமி எழுத்தில் வெட்டி வைத்திருக்கிறார்கள். பல தூண்களில் தேனுகாகடம் என்ற ஊரைச் சேர்ந்த யவனன் கொடுத்த தானம் என்று இருக்கிறது. சங்கப் பாட்டில் மரக்கலத்தில் பொன்னோடு வந்து மிளகோடு போனார்களே, அந்த யவனர்தான். இவர்கள் நேராகக் கிரேக்கத்திலிருந்து வந்தவர்களா, இங்கேயே தலைமுறைகளாகத் தங்கினவர்களா என்று ஆராய்ச்சிக்காரர்கள் பேசிக்கொள்ளட்டும். தன்னை யவனன் என்று சொல்லிக்கொண்ட ஒருவன் இந்த மலையில் ஒரு தூண் நிறுத்தினான் என்பது எனக்குப் போதும்.

இன்னொரு மாதம் இரண்டு நாள் ஒதுக்க முடிந்தால் கோலாப்பூர் போய் டவுன் ஹால் மியூசியத்தில் ஒரு சின்ன வெண்கலச் சிலையைப் பாருங்கள். அந்த ஊரின் பிரம்மபுரி மேட்டில் தோண்டி எடுத்தது. போசைடன் சிலை. பெஸ்துமுக்கு முதலில் யாருடைய பெயரை வைத்தார்களோ அதே கடல் தெய்வம், பஞ்சகங்கைக் கரையில் மண்ணுக்கடியில் கிடந்திருக்கிறார்.

கார்லேயில் இறங்கி வந்ததும் அடிவாரத்தில் ஜுன்காவும் பாக்ரியும் போடுகிற பெண்கள் இருப்பார்கள். கடலை மாவில் கிண்டின ஜுன்கா, சோள ரொட்டி, தட்டிய பச்சை மிளகாய், ஒரு வெங்காயம். மேஜையில் எட்டுப் பேரும் ஒன்றாக உட்கார்ந்து, ரொட்டி சுடச்சுட வந்துகொண்டே இருக்கும்படி சொல்லுங்கள். லோனாவாலா சிக்கியைத் திரும்பும் வழியில் வாங்கிக்கொள்ளலாம், அதைக் காலையிலேயே வாங்கிப் படியேறும்போது சுமக்க வேண்டாம்.

ஒரு டார்ச் எடுத்துப் போங்கள். எழுத்தின் மேல் நேராக அடித்தால் கல் மட்டும்தான் வெளுப்பாகத் தெரியும். தூணுக்குப் பக்கவாட்டில் நின்று சாய்த்து அடியுங்கள், எழுத்துகள் ஒவ்வொன்றாக எழும்பி வரும்.